ஐந்து நிமிட நொண்டல்: வார்ம்-அப் அறிவுரைகளைக் கொஞ்சம் பிரித்துப் பார்த்தால்

எங்கள் வீட்டு நாய்க்கு வயது ஒன்பது. கலப்பினம். போன வருடம் மழைக்காலம் முடிந்த சமயத்தில், காலையில் எழுந்து நடக்கத் தொடங்கும்போது வலது பின்னங்காலைக் கொஞ்சம் தூக்கித் தூக்கி வைத்தான். தெருமுனையைத் தாண்டுவதற்குள் சரியாகிவிடும். அப்புறம் பழையபடி ஓட்டம்தான். குதிரை, நாய் இவற்றின் உடற்பயிற்சி பற்றிய வழிகாட்டிகளை நான் நிறைய படித்துக்கொண்டிருந்த நேரம் அது. படித்ததை வைத்து, "உடம்பு இன்னும் சூடாகல, அவ்வளவுதான்" என்று நானே தீர்ப்பு எழுதிவிட்டேன். ஐந்து நிமிடம் கூடுதலாக நடக்கவைத்து, அதற்கப்புறம் பந்து போட்டேன். நொண்டல் போய்விடுகிறது என்பதையே வார்ம்-அப் வேலை செய்கிறது என்பதற்கு ஆதாரமாக எடுத்துக்கொண்டேன்.

ஆறு மாதம் கழித்து எக்ஸ்ரே எடுத்தோம். இடுப்பு மூட்டில் தேய்மானம். டாக்டர் கேட்ட முதல் கேள்வி: "எழுந்தவுடனே நொண்டி, நடக்க நடக்க சரியாயிடுதா?" நான் கொஞ்சம் பெருமையாகவே, "ஆமா சார், வார்ம்-அப் ஆனதும் சரியாயிடும்" என்றேன். "அதுதாங்க இதோட அடையாளமே" என்றார்.

அந்த ஒரு வரிக்குப் பிறகு, வீட்டுக்கு வந்து சேர்த்துவைத்திருந்த வழிகாட்டிகளையெல்லாம் மறுபடி எடுத்துப் படித்தேன். இந்தக் குறிப்பு அந்த மறுவாசிப்பின் விளைவு. தப்பு என்னுடையது, அதில் சந்தேகமில்லை. ஆனால் அந்தத் தப்பைச் செய்ய வசதியாக அந்த எழுத்துக்கள் எப்படி அமைந்திருக்கின்றன என்பதும் பார்க்க வேண்டிய விஷயம்.

ஒரு சொல், மூன்று வாக்குறுதி

குதிரைக்கானாலும் நாய்க்கானாலும் வார்ம்-அப் பற்றிய கட்டுரைகள் ஏறக்குறைய ஒரே அச்சில்தான் இருக்கும். முதலில் மனித ஓட்டப்பந்தய வீரர்களின் உதாரணம். பிறகு "தசை சூடானால் இளகும்" என்று ஒரு வாக்கியம். அதன்பின் நன்மைகளின் பட்டியல். கடைசியில் இத்தனை நிமிடம் நடை, இத்தனை நிமிடம் மெல்லோட்டம் என்று ஓர் அட்டவணை.

அந்தப் பட்டியலைப் பிரித்துப் பார்த்தால் உள்ளே மூன்று வெவ்வேறு வாக்குறுதிகள் இருக்கின்றன. ஒன்று, விலங்கு நன்றாக ஓடும். இரண்டு, காயம் படாது. மூன்று, ஓட்டத்துக்கு முன்பே அதன் உடல்நிலை நமக்குத் தெரிந்துவிடும். மூன்றும் மூன்று தனித்தனி கூற்றுகள். ஆதாரமும் தனித்தனியாகத்தான் வேண்டும். வழிகாட்டிகள் செய்வது என்னவென்றால், முதல் கூற்றுக்கு இருக்கும் நல்ல ஆதாரத்தைக் காட்டி இரண்டாவதையும் நம்பவைப்பது. மூன்றாவதைப் பெரும்பாலும் சொல்வதே இல்லை. மென்பொருள் வேலையில் இதைப் பார்த்திருக்கிறேன்: ஒரு மாட்யூலுக்கு எழுதிய டெஸ்ட் பாஸ் ஆனதைக் காட்டி, மொத்த சிஸ்டமும் சரி என்று ரிலீஸ் பண்ணுவார்கள். பிரச்சினை வேறு மாட்யூலில் வெடிக்கும்.

நன்றாக ஓடும்: இது உண்மை

முதல் கூற்றில் குறை சொல்ல அதிகம் இல்லை, குறிப்பாகக் குதிரை விஷயத்தில். குதிரையின் உடல் இந்த வேலைக்கென்றே வடிவமைத்ததுபோல இருக்கிறது. ஓய்வில் நிமிடத்துக்கு 30 முதல் 40 முறை துடிக்கும் இதயம், முழுவேகத்தில் 220க்கு மேல் போகும். இதைவிட ஆச்சரியம் மண்ணீரல். குதிரை தன் சிவப்பணுக்களில் கணிசமான பங்கை அங்கே சேமித்து வைத்திருக்கிறது. ஓடத் தொடங்கினால், ஏன், பரபரப்பு வந்தாலே போதும், மண்ணீரல் சுருங்கி அந்தச் சேமிப்பை ரத்தத்தில் கொட்டும். ஓய்வில் ரத்தத்தின் கன அளவில் 40 சதவீதத்தை ஒட்டி இருக்கும் சிவப்பணுக்கள், கடுமையான ஓட்டத்தில் 60 சதவீதத்தையும் தாண்டிவிடும். ஆக்ஸிஜனைச் சுமக்கும் திறன் அவ்வளவு கூடுகிறது.

ஆனால் இதெல்லாம் பட்டனை அழுத்தியதும் நடந்துவிடாது. உடனே முழுவேகத்துக்குப் போனால், ஆக்ஸிஜன் வந்து சேரும்வரை தசைகள் ஆக்ஸிஜன் இல்லாத வழியில் ஆற்றலை எடுத்து ஓட்ட வேண்டும். 1996இல் ஆஸ்திரேலிய ஆய்வாளர்கள் குதிரைகளை டிரெட்மில்லில் ஓடவிட்டு இதை அளந்தார்கள். வார்ம்-அப் செய்த குதிரைகள் அடுத்த கடும் ஓட்டத்தில் தேவையான ஆற்றலில் கூடுதல் பங்கை ஆக்ஸிஜன் வழியாக எடுத்தன. 2000இல் வட அமெரிக்காவில் வெளிவந்த இன்னோர் ஆய்வு, மிதமான வார்ம்-அப், கடுமையான வார்ம்-அப் இரண்டுமே ஆக்ஸிஜன் உறிஞ்சலை வேகப்படுத்துவதைக் காட்டியது. இந்த வகை ஆய்வுகளில் குதிரைகளின் எண்ணிக்கை பெரும்பாலும் ஒரே லாயத்தில் அடங்கிவிடும். ஆனாலும் பொறிமுறை தெளிவு, முடிவுகளும் ஒரே திசையில் நிற்கின்றன. ஏற்றுக்கொள்ளலாம்.

இங்கே கவனிக்க வேண்டியது, அளந்தது எதை என்பது. ஆக்ஸிஜன், லாக்டேட் போன்றவற்றை அளந்தார்கள். அந்தக் குதிரைகளுக்கு ஒரு சீசன் முழுக்கக் காயம் குறைந்ததா என்று யாரும் அந்த டிரெட்மில்லில் பார்க்கவில்லை. பார்க்கவும் முடியாது.

இன்னொன்றும் உண்டு. ஒரே விலங்கு இனத்துக்குள்ளேயே பந்தய மரபுகள் வேறு வேறு. வண்டி பூட்டி ஓடும் ஸ்டாண்டர்ட்பிரெட் குதிரைகளைப் பந்தயத்துக்கு முன் பல மைல் ஓடவைத்துத் தயார்ப்படுத்துவது வட அமெரிக்காவில் பழைய வழக்கம். தரோபிரெட் குதிரைகளோ சுற்றிக் காட்டப்பட்டு, தொடக்கக் கோட்டுக்கு ஒரு மெல்லோட்டம் போய், அங்கிருந்து பாய்ந்துவிடும். கிரேஹவுண்ட் பந்தயத்தில் இன்னும் மோசம். கயிற்றில் பிடித்து நடத்திக்கொண்டு வந்து பெட்டிக்குள் விடுவார்கள். கதவு திறந்ததும் முழுவேகம், முப்பது செகண்டுக்குள் எல்லாம் முடிந்துவிடும். "இத்தனை நிமிடம்" என்று அட்டவணை போடுகிற வழிகாட்டிகள் இந்த வித்தியாசத்தைப் பற்றி ஒரு வரிகூட எழுதுவதில்லை. அட்டவணையில் உள்ள எண் ஆய்வில் இருந்து வந்ததா, லாயத்துப் பழக்கத்தில் இருந்து வந்ததா என்று வாசகருக்குத் தெரிவதே இல்லை.

காயம் படாது: எந்தக் காயம்?

இரண்டாவது கூற்றில்தான் எனக்குச் சண்டை.

"காயம்" என்பது ஒரே பொருள் இல்லை. ஓடும்போது தசை சட்டென்று கிழிவது ஒரு வகை. பல மாத ஓட்டத்தில் எலும்புக்குள் நுண்விரிசல்கள் சேர்ந்து, ஒருநாள் முறிவது இன்னொரு வகை. பந்தயக் குதிரைகளின் எலும்பு முறிவுகளில் பெரும்பகுதி இந்த இரண்டாவது வகை. கிரேஹவுண்டில் இதற்கு ஒரு பிரபலமான உதாரணம் இருக்கிறது. இடப்புறமாகச் சுற்றும் வட்டப் பாதைகளில் ஓடும் நாய்களுக்கு வலது பின்னங்கால் கணுக்காலில் ஒரு குறிப்பிட்ட எலும்பு முறிவது அடிக்கடி நடக்கிறது. வளைவில் திரும்பத் திரும்ப ஒரே பக்கம் பளு விழுவதால் வருவது. மாதக்கணக்கில் சேர்ந்த கடனைப் பந்தயத்துக்கு முன் பத்து நிமிட நடை எப்படி அடைக்கும்? அங்கே மாற்ற வேண்டியது பாதையின் வளைவு, பந்தயங்களுக்கு இடையே ஓய்வு, பயிற்சியின் அளவு. வார்ம்-அப் இல்லை.

தசைநாண் விஷயம் இன்னும் சுவாரசியம். "சூடு நல்லது" என்ற அடிப்படையையே அது கேள்வி கேட்கிறது. குதிரையின் முன்னங்கால் பின்புறத்தில் ஓடும் தசைநாண் ஒவ்வொரு அடிக்கும் ஸ்பிரிங் மாதிரி நீண்டு சுருங்கும். அதில் கொஞ்சம் ஆற்றல் வெப்பமாக மாறும். நடுப்பகுதியில் ரத்த ஓட்டம் குறைவு என்பதால் வெப்பம் வெளியேற வழியில்லை. 1994இல் பிரிட்டனில் நாலுகால் பாய்ச்சலில் ஓடும் குதிரையின் தசைநாணுக்குள் வெப்பநிலையை அளந்தபோது 45 டிகிரி செல்சியஸ் வரை போனது. அந்த நடுப்பகுதிதான் குதிரைகளில் அதிகம் சிதைகிற இடமும்கூட. இந்த வெப்பமே சிதைவுக்கு ஒரு காரணமாக இருக்கலாம் என்பது அந்த ஆய்வாளர்களின் சந்தேகம். சந்தேகம்தான், நிரூபணம் இல்லை. ஆனால் "தசைநாணைச் சூடாக்குங்கள், காயம் வராது" என்று எழுதுகிறவர் இதைக் கடந்து போக முடியாது இல்லையா?

நாய்களுக்கு வருவோம். தடைதாண்டும் அஜிலிட்டி விளையாட்டில் ஈடுபடும் நாய்களைப் பற்றிக் கனடா ஆய்வாளர்கள் இணையவழியில் கணக்கெடுத்து 2013இல் வெளியிட்டார்கள். 3801 நாய்கள். அதில் 32 சதவீத நாய்களுக்குக் காயம் பட்டிருந்தது. எதெல்லாம் காயத்தோடு சேர்ந்து வருகிறது என்று பார்த்தபோது, இனம் (பார்டர் கோலிகளுக்கு அதிகம்), முன்பே காயம்பட்டிருப்பது, அனுபவக் குறைவு போன்றவை வந்தன. வார்ம்-அப் செய்வதற்கும் காயத்துக்கும் தொடர்பு எதுவும் தென்படவில்லை.

இதைப் படித்ததும் "பார்த்தீங்களா, வார்ம்-அப் சும்மா" என்று துள்ளத் தோன்றும். எனக்கும் தோன்றியது. அதுவும் தப்பு. இது உரிமையாளர்கள் நினைவிலிருந்து நிரப்பிய படிவம். "வார்ம்-அப் செய்வேன்" என்று எழுதியவர்களில் ஒருவர் இருபது நிமிடம் முறையாகச் செய்திருப்பார், இன்னொருவர் காரிலிருந்து மைதானம் வரை நடத்திப்போனதை எழுதியிருப்பார். அதோடு, ஒருமுறை காயம்பட்ட நாயின் உரிமையாளர்தான் அதன்பிறகு பயந்து ஒழுங்காக வார்ம்-அப் செய்வார். அப்படியானால் வார்ம்-அப் செய்கிற கூட்டத்தில் ஏற்கெனவே காயம்பட்ட நாய்கள் கூடுதலாக இருக்கும். நன்மை ஏதாவது இருந்தாலும் அது இதற்குள் மறைந்துபோகும். எங்கள் வேலையில், அடிக்கடி கிராஷ் ஆகும் சர்வர்களில்தான் மானிட்டரிங் அதிகம் போட்டிருப்போம். அதைப் பார்த்து "மானிட்டரிங்தான் கிராஷுக்குக் காரணம்" என்று யாரும் சொல்வதில்லை. ஆகவே அந்த ஆய்விலிருந்து நியாயமாகச் சொல்லக்கூடியது இவ்வளவுதான்: வார்ம்-அப் காயத்தைத் தடுக்கிறது என்று அடித்துச் சொல்ல அது ஆதாரம் தரவில்லை, தடுக்கவில்லை என்றும் சொல்லவில்லை.

மனிதர்களிடமிருந்து கடன் வாங்கும் ஆதாரத்திலும் இதே குழப்பம். 2000இல் வெளியான ஆஸ்திரேலிய ராணுவப் பயிற்சியாளர்கள் ஆய்வில் 1538 பேர் பங்கெடுத்தார்கள். பயிற்சிக்கு முன் தசையை நீட்டி இழுப்பது கால் காயங்களைப் பயன்தரும் அளவுக்குக் குறைக்கவில்லை. ஆனால் இரண்டு குழுக்களுமே வார்ம்-அப் செய்தவைதான். சோதித்தது நீட்டி இழுப்பதை மட்டும். நாயின் காலைப் பிடித்து இழுத்துவிடச் சொல்லும் வழிகாட்டிகள் இதைப் பார்ப்பது நல்லது. எதிர்ப்பக்கம், நார்வேயில் 13 முதல் 17 வயதுவரையான கால்பந்துப் பெண்களிடம் நடத்தி 2008இல் வெளியிட்ட ஆய்வு. வார்ம்-அப் என்ற பெயரில் ஒரு பயிற்சித் திட்டம், காயங்கள் குறைந்தன. வழிகாட்டிகளின் செல்லப்பிள்ளை இது. ஆனால் அந்தத் திட்டத்துக்குள் என்ன இருந்தது? ஓட்டத்தோடு சேர்த்து, வலிமைப் பயிற்சி, சமநிலைப் பயிற்சி, சரியாகக் குதித்து இறங்கும் பயிற்சி. சீசன் முழுக்கத் திரும்பத் திரும்பச் செய்தார்கள். அது பயிற்சிக்கு முன் நடந்ததால் வார்ம்-அப் என்று பெயர். பலன் தந்தது சூடா, சேர்ந்த வலிமையா? என் சந்தேகம் வலிமையின் பக்கம்தான். நாயைப் பத்து நிமிடம் நடக்கவைத்துவிட்டு அந்த ஆய்வின் பலனை எதிர்பார்ப்பது நியாயமில்லை.

சூடு எங்கிருந்து வருகிறது?

இந்த எழுத்துக்களில் பெரும்பாலானவை குளிர்நாட்டில் எழுதப்பட்டவை. பனிக்காலக் காலையில், போர்வை போர்த்திய குதிரையை லாயத்திலிருந்து வெளியே எடுப்பவருக்கு "சூடாக்கு" என்ற சொல் பொருத்தம். சென்னையில் மே மாதம் காலை ஆறு மணிக்கு, நின்றாலே நாக்கைத் தொங்கப்போட்டு மூச்சு வாங்கும் நாய்க்கு எதைச் சூடாக்குவது?

தசை எடுக்கும் ஆற்றலில் கால்வாசிக்கு மேல் அசைவாக மாறாது, மிச்சமெல்லாம் வெப்பம்தான். குதிரையாவது நம்மைப் போல வியர்த்துத் தள்ளும், கடும் வெயில் வேலையில் மணிக்குப் பத்து லிட்டருக்கும் மேல். நாய்க்கு அந்த வழி கிடையாது. பாதத்தில் மட்டும் கொஞ்சம் வியர்க்கும், மற்றபடி மூச்சிரைப்புதான். காற்றில் ஈரம் கூடக்கூட அந்த வழியும் அடைபடும். கடற்கரை ஊர்களின் புழுக்கத்தில் நாய்க்கு இருக்கும் வெப்ப பட்ஜெட் மிகச் சிறியது. அதில் ஒரு பங்கை ஓட்டத்துக்கு முன்பே செலவழிக்கச் சொல்வதற்குத் தனிக் காரணம் வேண்டும்.

குதிரை உலகம் இதைக் கஷ்டப்பட்டுக் கற்றுக்கொண்டது. 1996 அட்லாண்டா ஒலிம்பிக்கின் வெப்பத்தை எதிர்பார்த்துப் பல வருடம் ஆய்வு நடந்தது. தூரத்தைக் குறைத்தார்கள், ஓய்வைக் கூட்டினார்கள், நீர்த்தூவல் விசிறிகள் வைத்தார்கள். ஓடிவந்த சூடான குதிரைமேல் குளிர்ந்த தண்ணீர் ஊற்றினால் தசை இறுகிப்பிடிக்கும் என்பது தலைமுறை தலைமுறையாக வந்த நம்பிக்கை. சோதித்துப் பார்த்தார்கள். அப்படி ஒன்றும் நடக்கவில்லை, குதிரைகள் வேகமாகக் குளிர்ந்தன. எனக்கு இதில் பிடித்தது, நம்பிக்கையை யாரும் கேலி செய்யவில்லை, அளந்து பார்த்தார்கள். வார்ம்-அப் அட்டவணைகளுக்கும் அந்த மரியாதை கிடைக்க வேண்டும்.

மூன்றாவது காரணம்

இப்போது, பட்டியலில் பெரும்பாலும் விட்டுப்போகும் காரணத்துக்கு வருகிறேன். என் பார்வையில் வீட்டு நாய்க்கும் சாதாரணச் சவாரிக் குதிரைக்கும் மெதுவாகத் தொடங்க அதுதான் சிறந்த காரணம்: அந்த ஐந்து நிமிடம் பார்ப்பதற்கான நேரம்.

ட்ராட் என்ற ஓட்டநடையில் மூலைவிட்டமாக இரண்டிரண்டு கால்கள் சேர்ந்து விழும். சீரான தாளம். அதனால் சின்னக் குறைகூடத் தெரியும். முன்னங்காலில் வலி இருந்தால், அந்தக் கால் தரையில் படும்போது தலை மேலே போகும், நல்ல கால் படும்போது கீழே வரும். பின்னங்கால் என்றால் இடுப்பின் ஏற்ற இறக்கம் இரண்டு பக்கமும் சமமாக இருக்காது. குதிரை மருத்துவர்கள் நொண்டலைக் கண்டுபிடிக்க ட்ராட் ஓடச்சொல்லிப் பார்ப்பது இதனால்தான். நாய்க்கும் இதே கணக்கு.

சிக்கல் இங்கேதான் இருக்கிறது. மூட்டுத் தேய்மானத்தின் விறைப்பு அசைய அசையக் குறைந்துவிடும். அதாவது வார்ம்-அப், நோயைக் காட்டும் திரையாகவும் இருக்கிறது, அதை மறைக்கும் திரையாகவும் இருக்கிறது. முதல் இரண்டு நிமிடம் கவனித்தால் தெரியும். கடைசி இரண்டு நிமிடம் மட்டும் பார்த்தால் எல்லாம் சரி. "ஆரம்பத்தில் விறைப்பாக இருப்பது சகஜம், சூடானதும் போய்விடும்" என்று ஒரு வழிகாட்டி எழுதும்போது, அது உடலியலைப் பொறுத்தவரை பொய் சொல்லவில்லை. ஆனால் வாசகரைத் தப்பான இடத்தில் நிம்மதியாக்குகிறது. போய்விடுகிற நொண்டல் நல்ல செய்தி இல்லை, அது ஒரு தகவல். எரர் வந்தால் ரீட்ரை செய்து, இரண்டாவது முறை ஓடிவிட்டது என்று லாகையே பார்க்காமல் விடுவது மாதிரி. பதினெட்டு வருடமாக மற்றவர்களின் கோடில் இதைக் கண்டுபிடித்துத் திட்டியிருக்கிறேன். வீட்டில் நானே செய்தேன்.

வார்ம்-அப் இலவசம், செய்தால் நஷ்டமில்லை என்பது அதன் ஆதரவாளர்களின் கடைசி வாதம். பெரும்பாலும் சரிதான். ஆனால் எனக்கு அது இலவசமாக இருக்கவில்லை. ஆறு மாதம் அந்த மூட்டின்மேல் பந்து பந்தாகப் போட்டேன்.

ஆக, வார்ம்-அப் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. பந்தயத்துக்குப் போகும் குதிரைக்குக் கட்டாயம் வேண்டும், அதற்கு நல்ல ஆதாரம் இருக்கிறது. காயத்தடுப்பு என்று வரும்போது, எந்தக் காயம், எந்த வழியில் என்று கேளுங்கள். வெயில் ஊரில் இருந்தால் நிமிடக் கணக்கை அப்படியே காப்பி அடிக்காதீர்கள். முதல் ஐந்து நிமிடம் மட்டும் போனை உள்ளே வையுங்கள், அல்லது வெளியே எடுத்தால் வீடியோ எடுக்க மட்டும் எடுங்கள்.

நான் இப்போது அதைத்தான் செய்கிறேன். காலையில் அவன் எழுந்து முதல் இருபது அடி நடப்பதைப் பின்னாலிருந்து ஸ்லோமோஷனில் எடுத்து, தேதி போட்டு வைக்கிறேன். டாக்டரிடம் போகும்போது அதைக் காட்டுகிறேன், சரியான பிறகு எடுத்த வீடியோவை இல்லை. பந்து நிறுத்தியாயிற்று. சட்டென்று நின்று திரும்புவதுதான் அவன் இடுப்புக்குக் கஷ்டம். எடை இரண்டு கிலோ குறைத்திருக்கிறோம். நடை மட்டும் இரண்டு வேளை, அவன் வேகத்துக்கு. தெருமுனை வரை நொண்டல் இன்னும் இருக்கிறது. இப்போது அதை எண்ணிக்கொண்டு நடக்கிறேன்.